‘நடிக்கவில்லை, வாழ்ந்தார்’: நல்லாண்டியின் ஒற்றைப் படமும் ஒரு நெய்வேலிப் பார்வையும்

ஆய்வுச்சுருக்கம்

எம். மணிகண்டன் இயக்கத்தில் 2022 பிப்ரவரி 11 அன்று வெளிவந்த ‘கடைசி விவசாயி’ திரைப்படத்தில் மாயாண்டி என்னும் முதன்மைப் பாத்திரத்தை ஏற்றவர் நல்லாண்டி. உசிலம்பட்டி வட்டாரத்தைச் சேர்ந்த இம்முதியவர் தொழில்முறை நடிகர் அல்லர். படம் திரைக்கு வருமுன்பே காலமானார். அவரைப் பாராட்டுவோர் எளிதில் எடுத்தாளும் தொடர் ‘நடிக்கவில்லை, வாழ்ந்திருக்கிறார்’ என்பது. இத்தொடர் புகழ்ச்சியின் வடிவில் கலைஞரின் உழைப்பை மறைக்கிறது என்பதே இக்கட்டுரையின் கருத்து. அக்கருத்து நல்லாண்டியின் நடிப்பை நுணுகி விவரிப்பதன் வழியாகவும், சிறு முதலீட்டுத் தமிழ்ப் படங்களில் நடித்த வேறு சிலருடன் ஒப்பிடுவதன் வழியாகவும் நிறுவப்படுகிறது. நிலத்தை இழந்து சுரங்கத் தொழிலுக்குள் நுழைந்த மக்கள் வாழும் நெய்வேலியிலிருந்து இப்படத்தைக் காணும்போது ‘திறன்’ என்ற சொல்லுக்கு நேரும் பொருள் மாற்றமும் ஆராயப்படுகிறது.

திறவுச்சொற்கள்: நல்லாண்டி, கடைசி விவசாயி, பயிலா நடிகர், மெய்ப்பாடு, இளிவரல், நெய்வேலி, திறன்.

வினாவின் தோற்றம்

நெய்வேலி நகரியத்தையும் அதைச் சூழ்ந்த சிற்றூர்களையும் சேர்ந்த முதுகலை மாணவர் சிலருடன் ‘கடைசி விவசாயி’ படத்தைப் பார்க்கும் வாய்ப்பு இக்கட்டுரையாளருக்கு அமைந்தது. படம் முடிந்ததும் மாணவர் ஒருவர், “எங்க தாத்தா இப்படித்தாங்க ஐயா நடப்பாரு. இதுல நடிப்புன்னு எதைச் சொல்றது?” என்று கேட்டார். மற்றவர்கள் தலையசைத்தனர். அவ்வினாவில் ஏளனம் இல்லை. உண்மையான ஐயமே இருந்தது. தன் தாத்தாவைப் போலவே நடக்கும் ஒருவரை நடிகர் என்று எப்படி அழைப்பது? அன்று சொன்ன விடை இக்கட்டுரையாளருக்கே நிறைவளிக்கவில்லை. ‘இயல்பான நடிப்பு’ என்று சொல்லி நகர்ந்ததுதான் நடந்தது. அத்தொடர் எதையும் விளக்குவதில்லை.

திரைத்துறையில் ‘பயணம்’ என்ற சொல் முதற்படம், திருப்புமுனைப் படம், நூறாவது படம் எனப் படிப்படியான வளர்ச்சியைக் குறிக்கும். நல்லாண்டியின் பயணத்தில் முதற்படமும் இறுதிப்படமும் ஒன்றே. நட்சத்திரத்தை அளக்கப் பயன்படும் பட்டியல் முறை இத்தகையோரிடம் செயலற்றுப் போகிறது. ஆகவே அவர் நடித்த படங்களை எண்ணுவதை விடுத்து, நடித்த ஒரு படத்தில் அவர் செய்தது என்ன என்பதைச் சொல்ல முயல்வதே திறனாய்வுக்கு உகந்த வழி.

படமும் பாத்திரமும்

மணிகண்டன் இப்படத்தை எழுதி, இயக்கி, ஒளிப்பதிவு செய்து, தாமே தயாரித்தார். நெடுங்காலமாக நடைபெறாத குலதெய்வ வழிபாட்டை நடத்த ஓர் ஊர் முடிவெடுக்கிறது. புதிதாக விளைந்த நெல்லைப் படைக்க வேண்டும். ஊரில் உழவை விடாதவர் மாயாண்டி ஒருவரே. அவர் நெல் விதைக்கிறார். வயலில் மயில்கள் இறந்து கிடக்கக் கண்டு அவற்றைப் புதைக்கிறார். அதற்காகவே மயில்களைக் கொன்றவர் என்று குற்றம் சாட்டப்பட்டுச் சிறைக்குச் செல்கிறார். பயிருக்குத் தண்ணீர் பாய்ச்ச ஆளில்லை. அப்பொறுப்பை நீதித்துறை நடுவர் ஒரு காவலரிடம் ஒப்படைக்கிறார்.

விஜய் சேதுபதி, யோகிபாபு ஆகிய அறியப்பட்ட நடிகர்களும் இதில் உள்ளனர். எனினும் படத்தின் வேகத்தை நிர்ணயிப்பது அவர்களல்லர். கிழவர் ஒருவர் வரப்பில் நடந்து முடிக்க எவ்வளவு நேரமாகுமோ அவ்வளவு நேரம் காட்சி நீள்கிறது. இதைச் சிலர் தொய்வு என்றனர். கட்டுரையாளர் அக்கருத்துக்கு உடன்படவில்லை; ஆயினும் இராமையா பாத்திரத்தைச் சுற்றிய பகுதிகளில் படம் தன் நிலத்தை விட்டுச் சற்று மேலே மிதக்கிறது என்பதை மறுப்பதற்கில்லை.

நல்லாண்டி செய்வது

‘வாழ்ந்தார்’ என்ற விளக்கத்தை மறுக்க முதலில் ஓர் எளிய தொழில்நுட்பச் செய்தி போதும். திரைப்படக் காட்சி பெரும்பாலும் ஒரே தொடர்ச்சியாக, ஒரே கோணத்தில் எடுக்கப்படுவதில்லை. தொலைவிலிருந்து ஒரு முறை, அருகிலிருந்து ஒரு முறை, எதிரில் நிற்பவர் பக்கமிருந்து ஒரு முறை என ஒரே செயல் திரும்பத் திரும்பப் பதிவாகிறது. அவை வெட்டி ஒட்டப்படும்போது கை இருந்த இடமும் தலை திரும்பிய பக்கமும் பொருந்த வேண்டும். வாழ்க்கையில் ஒருவர் ஒரு முறை குனிந்து மண்வெட்டியை எடுக்கிறார். படப்பிடிப்பில் அதையே, முன்பு எடுக்காதவர் போல, மீண்டும் எடுக்கிறார். இரண்டாம் முறை குனியும்போதே அவர் நடிகராகிவிடுகிறார். பயிற்சி பெற்றோரும் தடுமாறும் இடம் இது. மண்வெட்டியோடு பல பத்தாண்டுகள் பழகிய கை திரும்பச் செய்வதற்கு அஞ்சுவதில்லை. உழவே ஆண்டுதோறும் திரும்பச் செய்யும் தொழில்தான்.

மாயாண்டிக்குக் காது மந்தம். ஒருவர் பேசியபின் அவர் முகத்தில் சொல் போய்ச் சேர்வதற்கு ஒரு கணம் ஆகிறது. அக்கணத்தை நல்லாண்டி கையாளும் விதம்தான் படத்தின் நகைச்சுவைக்கும் துயரத்துக்கும் ஊற்று. விதைக்கடைக் காட்சியில், விதை பிடிக்காத தக்காளியைப் பற்றிக் கேள்விப்படும்போது அவர் உடனே வியப்பதில்லை. கேட்டதைச் சரியாகத்தான் கேட்டோமா என்று தமக்குள் உறுதி செய்துகொள்பவர் போல நிற்கிறார். பார்வையாளர் அவருக்குக் கேட்கவில்லை என்று எண்ணத் தொடங்கும் நேரத்தில் விடை வருகிறது. இந்தத் தாமதம் சற்றுக் குறைந்திருந்தால் காட்சி வெறும் கருத்துரையாகியிருக்கும்; சற்றுக் கூடியிருந்தால் கேலியாகியிருக்கும்.

நீதிமன்றக் காட்சிகளில் வேறொரு திறம் தெரிகிறது. நடுவராக வரும் ரெய்ச்சல் ரெபேக்கா சட்டத்தின் மொழியில் பேசுகிறார். மாயாண்டியின் கவலை முழுவதும் வயலில் இருக்கிறது. பொதுவாகத் தமிழ்ப்படத்து ஏழை உழவர் நீதிமன்றத்தில் கைகூப்புவார், கண்ணீர் விடுவார், அல்லது நீண்ட உரை நிகழ்த்துவார். நல்லாண்டி இம்மூன்றையும் செய்வதில்லை. பயிர் காத்திருக்காது என்ற செய்தியை, பேருந்து நேரத்தைச் சொல்பவர் போல, உணர்ச்சி ஏற்றாமல் சொல்கிறார். நடுவரின் முகம் மாறுவது அதனால்தான் நம்பும்படி அமைகிறது. எதிரில் இருக்கும் நடிகருக்கு இடம் விடுவது பயின்ற நடிகர்களிடமே அரிதாகக் காணப்படும் பண்பு.

இவற்றை இயக்குநரின் தேர்வும் படத்தொகுப்பும் உருவாக்கின என்று வாதிடலாம். உண்மையே, ஆனால் அது எல்லா நடிகர்க்கும் பொருந்தும். நட்சத்திரத்தின் நல்ல கணம் படத்தொகுப்பில் பிறந்தாலும் அதை அவர் பெயரில்தான் எழுதுகிறோம்.

இளிவரலும் பெருமிதமும்

தொல்காப்பிய மெய்ப்பாட்டியல் இளிவரலுக்கு மூப்பு, பிணி, வருத்தம், மென்மை என நான்கு நிலைக்களன்களைக் கூறுகிறது. நல்லாண்டியின் உடலில் மூப்பு வெளிப்படை. கதை அவருக்கு வருத்தத்தையும் சேர்க்கிறது. இலக்கணப்படி நோக்கின் இப்பாத்திரம் இளிவரலை நோக்கியே செல்ல வேண்டும். பார்வையாளரும் இரக்கத்தோடுதான் இருக்கையில் அமர்கின்றனர். படம் அந்த எதிர்பார்ப்பை நிறைவு செய்யாததற்குத் திரைக்கதை ஒரு பாதிக் காரணம். நல்லாண்டியின் உடல்நிலைப்பாடு மறுபாதி. வளைந்த முதுகை அவர் துன்பத்தின் அடையாளமாக எங்கும் காட்டுவதில்லை. அது வேலைக்கு ஏற்ற வளைவாகவே தெரிகிறது. நாற்றுக்கு அருகில் அவர் முதுகு வளைந்திருப்பதாகத் தோன்றுவதே இல்லை. காவல்நிலையத்திலும் சிறையிலும் மட்டும் அதே முதுகு முதியவரின் முதுகாகிறது. ஓர் உடல் இடத்துக்கு ஏற்ப இரு பொருள் தருவதை உணர்ந்தே மணிகண்டன் காட்சிகளை அமைத்திருக்க வேண்டும். அதைத் தாங்கிச் செல்பவர் நல்லாண்டி.

பெருமிதத்துக்குத் தொல்காப்பியம் கூறும் களன்கள் கல்வி, தறுகண், புகழ், கொடை. இவற்றுள் கொடை இங்கு நேரடியாகப் பொருந்துகிறது. ஊர்த் தெய்வத்துக்கு நெல் தரக்கூடியவர் அவர் ஒருவரே. கல்வியும் பொருந்துகிறது என்பது கட்டுரையாளர் துணிபு. பேராசிரியர் முதலிய உரையாசிரியர்கள் கருதிய கல்வி வேறாயினும், மண்ணின் ஈரத்தைக் கால்விரலால் அறிவதைக் கல்வி அல்ல என்று விலக்க இலக்கணத்தில் தடையேதும் இல்லை. சிலப்பதிகாரத்து மாதவி ஐந்தாம் வயதில் தொடங்கி ஏழாண்டு பயின்று அரங்கேறினாள். நல்லாண்டி முதுமையில் அரங்கேறினார். அதற்குமுன் கழிந்த ஆண்டுகளைப் பயிற்சி என்று எழுத நம்மிடம் வழக்கு இல்லை, அவ்வளவே.

பிற நடிகர்கள்

இச்சிக்கல் நல்லாண்டிக்கு மட்டும் உரியதன்று. லெனின் பாரதியின் ‘மேற்குத் தொடர்ச்சி மலை’ (2018) படத்தில் ரங்கசாமியாக வரும் ஆண்டனி, சுமையோடு மலையேறும் தொழிலாளியின் மூச்சையும் அடிவைப்பையும் படம் முழுதும் தாங்குகிறார். சேமிப்பையெல்லாம் இட்டு வாங்கிய ஏலக்காய் மூட்டை பள்ளத்தில் உருளும்போது அவர் கத்துவதில்லை. பி.எஸ். வினோத்ராஜின் ‘கூழாங்கல்’ 2021இல் ரோட்டர்டாம் விழாவில் டைகர் விருது பெற்றது. அதில் தந்தையாக வரும் கறுத்தடையான் வெயிலில் நடக்கும் நடையிலேயே சினத்தை வைத்திருக்கிறார். வசனம் பின்னால்தான் வருகிறது. சிறுவனாக வரும் செல்லபாண்டி உடைந்த கண்ணாடித் துண்டால் தந்தையின் முதுகில் வெயிலைப் பாய்ச்சும் இடத்தில் நடிப்பு, விளையாட்டு என்ற பிரிவே பொருளற்றுப் போகிறது.

இவர்களோடு குமரன் வளவனை வைத்துப் பார்ப்பது பயனுடையது. புதுச்சேரியில் இந்தியநாஸ்ட்ரம் அரங்கக் குழுவை நிறுவிய அவர், பிரான்சின் தியேத்ர் து சொலேயில் அனுபவத்தோடு வந்தவர். அருண் கார்த்திக்கின் ‘நசீர்’ (2020) படத்தில் ஜவுளிக்கடைப் பணியாளராக வருகிறார். அவரும் குறைவாகவே பேசுகிறார். அன்றாடச் செயல்களையே செய்கிறார். துணியை மடிக்கிறார், பீடி புகைக்கிறார், நடக்கிறார். வெளித்தோற்றத்தில் நல்லாண்டி செய்வதற்கும் இதற்கும் பெரிய வேறுபாடு இல்லை. ஆயினும் குமரன் வளவனின் அடக்கத்தைக் ‘கட்டுப்பாடு’ என்றும் நல்லாண்டியின் அடக்கத்தை ‘இயல்பு’ என்றும் எழுதவே நம் கை பழகியிருக்கிறது. திரையில் தெரிவதைவிட நடிகரின் வாழ்க்கைக் குறிப்பே நம் சொற்களைத் தேர்ந்தெடுக்கிறது.

மேலும், உழவர் ஒருபுறம் நடிகர் மறுபுறம் என்ற பகுப்பே தமிழ்நாட்டின் வடபகுதிக்குப் புதிது. கடலூர், விழுப்புரம், திருவண்ணாமலை வட்டாரங்களில் தெருக்கூத்தில் இரவெல்லாம் கட்டியங்காரனாகவும் துரியோதனனாகவும் ஆடுபவர் பகலில் ஏர் பிடித்தவராகவே பெரிதும் இருந்தார். ந. முத்துசாமி 1977இல் தொடங்கிய கூத்துப்பட்டறை புரிசைக் கூத்து மரபிலிருந்து கற்றுக்கொண்டது. அப்பட்டறையில் கணக்கராக இருந்து நடிகர்களைக் கூர்ந்து நோக்கியவர் விஜய் சேதுபதி. ‘கடைசி விவசாயி’யில் நல்லாண்டிக்கு எதிரில் அவர் அமரும்போது, உழவரிடமிருந்து பட்டறைக்குப் போன கலை சுற்றி வந்து உழவர் எதிரில் அமர்ந்திருப்பதாகவே கட்டுரையாளருக்குத் தோன்றியது. இது தற்செயலாகவும் இருக்கலாம்.

உலகத் திரையிலும் இந்நிலைக்கு முன்சான்றுகள் உண்டு. டி சிக்காவின் ‘பைசிக்கிள் தீவ்ஸ்’ (1948) படத்தின் நாயகன் லம்பெர்த்தோ மாஜியோரானி ஆலைத் தொழிலாளி. படத்துக்குப்பின் ஆலை வேலையையும் இழந்தார், நடிகராகவும் நிலைபெறவில்லை. ‘பதேர் பாஞ்சாலி’ (1955) படத்தின் மூதாட்டி சுனிபாலா தேவியும் நல்லாண்டியைப் போலவே படம் வெளிவருமுன் மறைந்தார். அவரையும் ‘வாழ்ந்தார்’ என்றே பலர் எண்ணுகின்றனர்; உண்மையில் அவர் முன்னாளில் மேடையில் நடித்தவர். முகத்தின் சுருக்கம் அப்பயிற்சியை மறைத்துவிட்டது.

நெய்வேலியிலிருந்து

1935இல் ஜம்புலிங்க முதலியாரின் நிலத்தில் கிணறு தோண்டியபோது வெளிப்பட்ட கரிய பொருள், 1956 நவம்பர் 14 அன்று ஒரு நிறுவனமாயிற்று. அடுத்த ஆண்டு மே 20 அன்று நேரு சுரங்கப் பணியைத் தொடங்கி வைத்தார். அதன்பின் இவ்வட்டாரத்தில் நிலம் கைமாறியதைக் குறிக்க மக்கள் வழங்கும் தொடர் ‘நிலம் கொடுத்தவர்’ என்பது. எடுக்கப்பட்டது என்று சொல்லாமல் கொடுத்தது என்று சொல்லும் இவ்வழக்கில் தன்மதிப்பும் உரிமைக் கோரலும் ஒருங்கே உள்ளன. வேலுடையான்பட்டு முருகன் கோயிலில் பங்குனி உத்திரத்துக்குக் கூடும் பெருங்கூட்டத்தில் இன்றும் காவடியும் நேர்த்திக்கடனும் குறைவதில்லை; சுற்றிலும் இருப்பவை வட்ட எண்ணிட்ட குடியிருப்புகள். குலதெய்வத்துக்குப் புதுநெல் தேடும் கதை இங்குள்ள பார்வையாளர்க்கு எட்டாத கற்பனையன்று.

நிலம் கொடுத்த குடும்பத்து ஆண்கள் பலர் ஒப்பந்தத் தொழிலாளராகச் சுரங்கத்துக்கும் அனல்மின் நிலையத்துக்கும் நகரியப் பணிகளுக்கும் சென்றனர். கூலி நிர்ணயத்தில் தொழிலாளர் திறன்மிக்கோர், பகுதித் திறன் பெற்றோர், திறன்சாராதோர் எனப் பகுக்கப்படுவது நாடறிந்த முறை. மண், நீர், விதை, கால்நடை பற்றி முப்பது நாற்பது ஆண்டுகள் கற்றவர் வாயிலைக் கடந்ததும் திறன்சாராதோர் பட்டியலில் சேர்கிறார். அவருடைய அறிவு பொய்யென்று எவரும் சொல்வதில்லை. அது அறிவு என்ற வகையிலேயே வருவதில்லை. அவர் ‘அப்படி வாழ்ந்தவர்’, அவ்வளவுதான். ‘நடிக்கவில்லை, வாழ்ந்தார்’ என்று திறனாய்வாளர் எழுதும்போது இதே பகுப்புத்தான் கலையில் நிகழ்கிறது. சான்றிதழ் இல்லாத திறனை இயற்கையின் கணக்கில் எழுதிவிட்டால் அதற்கு ஊதியமும் வேண்டாம், வரலாறும் வேண்டாம், அடுத்த வாய்ப்பும் வேண்டாம். மாணவரின் வினாவுக்கு அன்று சொல்லியிருக்க வேண்டிய விடை இதுவே: உங்கள் தாத்தாவின் நடையும் கற்றுக்கொண்ட நடைதான்; அதைக் கேமராவின் முன் பலமுறை நடந்து காட்ட ஒருவருக்குத் தெரிந்திருக்கிறது.

‘மேற்குத் தொடர்ச்சி மலை’யின் இறுதியில் ரங்கசாமி தன்னுடையதாக இருந்த நிலத்தில் நிற்கும் காற்றாலைக்குச் சீருடையணிந்த காவலராக அமர்ந்திருப்பார். ஆண்டனி அங்கு எதையும் செய்வதில்லை. நாற்காலியில் அமரத் தெரியாதவர் போல அமர்ந்திருக்கிறார். மலையில் அவர் உடலுக்கு இருந்த உறுதி அந்த நாற்காலியில் இல்லை. இப்பகுதி மாணவர்கள் மிக விரைவாக அடையாளம் கண்ட காட்சி அது. ஏன் என்று விளக்கத் தேவையில்லை.

விருதும் நாட்களும்

69ஆவது தேசியத் திரைப்பட விருதுகள் 2023 ஆகஸ்ட் 24 அன்று அறிவிக்கப்பட்டன. ‘கடைசி விவசாயி’ சிறந்த தமிழ்ப்படமாயிற்று; மறைந்த நல்லாண்டிக்குச் சிறப்புக் குறிப்பு வழங்கப்பட்டது. இதைப் பயிலா நடிகர்க்கென ஒதுக்கிய ஆறுதல் பரிசு என்று சொல்லிவிட முடியாது. அதே ஆண்டு மலையாளத்தின் நீண்டகால நடிகர் இந்திரன்ஸும் ‘ஹோம்’ படத்துக்காக அதே குறிப்பைப் பெற்றார். எனினும் ஒன்று நோக்கத்தக்கது. மணிகண்டனின் ‘காக்கா முட்டை’யில் நடித்த சிறுவர்கள் ரமேஷ், விக்னேஷ் இருவர்க்கும் 62ஆவது விருதுகளில் சிறந்த குழந்தை நட்சத்திரம் என்ற முறையான பிரிவிலேயே விருது கிடைத்தது. பயிலாத சிறுவர்க்கு ஒரு பிரிவு ஆயத்தமாக இருக்கிறது. பயிலாத முதியவர்க்கு ஒரு குறிப்பு இருக்கிறது.

விருது அறிவிப்புக்கு ஏறத்தாழ ஒரு மாதம் முன்பு, 2023 ஜூலை 26 அன்று, சுரங்க விரிவாக்கத்தை ஒட்டிய பரவனாற்று மாற்றுக் கால்வாய்க்காக வளையமாதேவியில் மண் அள்ளும் இயந்திரங்கள் விளைந்து நின்ற நெற்பயிரின் ஊடே சென்றன. அக்காட்சி தொலைக்காட்சிகளில் பரவியது. இவ்விரு நாட்களையும் காரண காரியமாக இணைப்பது பிழை. ஆனால் ஒரு காவலரை அனுப்பியேனும் பயிருக்குத் தண்ணீர் பாய்ச்சச் சொல்லும் நடுவரின் காட்சியை இவ்வூர்ப் பார்வையாளர் அந்த நினைவின்றிப் பார்க்க இயலாது. படம் வெளிவந்த 2022இல் அக்காட்சி நெகிழ்ச்சியூட்டியது. அடுத்த ஆண்டுக்குப் பின் அதே காட்சியில் நல்லாண்டியின் உணர்ச்சி ஏற்றாத குரல் வேறு கனத்தோடு ஒலிக்கிறது. நடிப்பின் பொருள் அது பார்க்கப்படும் இடத்தாலும் காலத்தாலும் கூடுகிறது என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று கட்டுரையாளர் அனுபவத்தில் இல்லை.

இதற்கு மாறான ஒன்றையும் பதிவு செய்ய வேண்டும். நிலத்தை விற்கச் சொல்லி வற்புறுத்துவோரிடம் மாயாண்டி மறுக்கும் இடம் நல்லாண்டியின் மிகச் சிறந்த கணங்களுள் ஒன்று எனக் கட்டுரையாளர் கருதுகிறார். வேண்டாம் என்பதை அவர் வீரமாகச் சொல்வதில்லை. இரண்டாம் முறை பரிமாற வந்தவரிடம் போதும் என்று சொல்பவரின் எளிமையோடு சொல்கிறார். மாணவர்கள் அக்காட்சியில் மெலிதாகச் சிரித்தனர். நடிப்பு பிடிக்கவில்லையா என்று கேட்டபோது, முதல் வினாவை எழுப்பிய மாணவரே விடை சொன்னார்: “அவரு நல்லாத்தாங்க நடிச்சிருக்காரு. ஆனா அவருகிட்ட வித்துருவீங்களான்னு கேக்குறாங்களே ஐயா.”